பயாஸ் கேட்கும் எமுலேட்டர்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கையடக்க கேம் கருவிகளை எமுலேட்டரில் (அந்தக் கருவியைப் போல நடித்து அதன் கேமை ஓட்டும் புரோகிராமில்) ஓட்டுவது பற்றி வந்த கடிதங்களில், பயாஸ், ஃபர்ம்வேர் சம்பந்தப்பட்டவற்றை மட்டும் இந்த முறை தனியாக எடுத்திருக்கிறோம். ஒரு முன்குறிப்பு: ஃபைல் பெயர்களைத் தமிழில் ஒலிக்கிறபடி அச்சிட்டிருக்கிறோம். டைப் செய்யும்போது ஆங்கிலச் சிற்றெழுத்தில், இடைவெளி விடாமல் அடிக்க வேண்டும். நடுவில் வருவது அடிக்கோடு, ஹைஃபன் அல்ல.

கேள்வி: கேம்பாய் அட்வான்ஸ் எமுலேட்டரில் பயாஸ் ஃபைல் எதுவும் போடாமலே கேம் ஓடுகிறது. நண்பனின் கம்ப்யூட்டரில் டிஎஸ் எமுலேட்டரோ "பயாஸ் இல்லை" என்று சொல்லிவிட்டு ஓடவே மறுக்கிறது. ஏன் இந்த ஓரவஞ்சனை?

பதில்: ஓரவஞ்சனை எதுவும் இல்லை. ஒவ்வொரு கருவியிலும் பயாஸ் செய்யும் வேலையின் அளவு வேறு, அவ்வளவுதான்.

பயாஸ் என்பது கருவியோடு பிறந்த சின்ன புரோகிராம். பவர் போட்டதும் முதலில் ஓடுவது அதுதான். கேம் கேட்ரிட்ஜில் வருகிறது, பயாஸ் கருவியின் சிப்பிலேயே இருக்கிறது. அதனால் கேட்ரிட்ஜின் நகலான ரோம் ஃபைலுக்குள் அதைத் தேடிப் பயனில்லை.

1989-இல் வந்த முதல் கேம்பாயில் அது வெறும் 256 பைட். இந்தப் பதிலின் முதல் மூன்று வாக்கியங்களைச் சேமிக்கவே அதைவிட அதிக இடம் வேண்டும். அந்த 256 பைட், நிறுவனச் சின்னத்தைத் திரையில் மேலிருந்து இறக்குகிறது. கேட்ரிட்ஜில் உள்ள 48 பைட் சின்னத்தைத் தன்னிடம் இருப்பதோடு ஒப்பிடுகிறது. கேட்ரிட்ஜின் தலைப்புப் பகுதிக்கு ஒரு கூட்டுத்தொகை சரிபார்க்கிறது. பிறகு கேமிடம் ஒப்படைத்துவிட்டு மெமரியிலிருந்தே விலகிவிடுகிறது. பவரை அணைத்துப் போடும்வரை திரும்பி வராது. ஆகவே எமுலேட்டர் அதைத் தாண்டிக் குதித்தாலும் கேமுக்குத் தெரியப்போவதில்லை.

2001-இல் வந்த கேம்பாய் அட்வான்ஸில் பயாஸ் 16 கேபி. இது விலகிப் போவதில்லை. கேம் ஓடிக்கொண்டிருக்கும்போதே வகுத்தல், வர்க்கமூலம், சுருக்கி வைத்த படங்களை விரித்தல் போன்ற வேலைகளுக்கு அதை அழைத்துக்கொண்டே இருக்கும். எம்ஜிபிஏ போன்ற எமுலேட்டர்கள் அந்த அழைப்புகளை நடுவில் பிடித்து, விடையைத் தாங்களே கணக்கிட்டுத் தருகின்றன. இந்த முறைக்கு ஹெச்எல்இ என்று பெயர். உங்கள் கேம் ஓடுவது இதனால்தான்.

டிஎஸ்ஸில் பிராசசர் இரண்டு (ஏஆர்எம்7, ஏஆர்எம்9), அவற்றுக்கு பயாஸ் இரண்டு, கூடவே மெனுவும் பயனர் விவரங்களும் இருக்கும் ஃபர்ம்வேர். மெலன்டிஎஸ் என்ற டிஎஸ் எமுலேட்டரின் பழைய வெர்ஷன்கள் மூன்று ஃபைலும் இல்லாமல் நகராது. புதிய வெர்ஷன்களில் திறமூல மாற்று பயாஸ் உள்ளேயே வருகிறது. நண்பர் வைத்திருப்பது பழைய வெர்ஷனாக இருக்கும். இல்லையென்றால், செட்டிங்கில் வெளி பயாஸ் ஃபைல்களைப் பயன்படுத்தச் சொல்லும் கட்டத்தில் டிக் போட்டுவிட்டு ஃபைலைக் காட்டாமல் விட்டிருப்பார். டிக்கை எடுத்துவிட்டால் ஓடும்.

கேள்வி: ஹெச்எல்இ இருக்கும்போது கேம்பாய் அட்வான்ஸுக்கு ஒரிஜினல் பயாஸ் போடுவதில் என்ன லாபம்?

பதில்: பெரும்பாலான கேம்களுக்கு ஒன்றுமில்லை. தொடக்க அனிமேஷனும் அந்த மணி ஓசையும் வேண்டும் என்பவர்களுக்குத்தான் முதல் லாபம்.

நிஜமான வித்தியாசம் மூன்று இடங்களில் வரும். முதலாவது மல்டிபூட். ஒரே கேட்ரிட்ஜை வைத்துக்கொண்டு, கேட்ரிட்ஜ் இல்லாத இன்னொரு கருவிக்கு கேபிள் வழியாக கேமை அனுப்பும் வசதி அது. வாங்கிக்கொள்ளும் பக்கத்தில் வேலை செய்யும் புரோகிராம் பயாஸுக்குள்தான் இருக்கிறது, அதனால் ஒரிஜினல் இல்லாமல் நடக்காது. இரண்டாவது நேரக்கணக்கு. ஒரிஜினல் பயாஸ் ஒரு வேலைக்கு எத்தனை பிராசசர் சுழற்சி எடுத்துக்கொள்ளுமோ, அதே அளவை ஹெச்எல்இ எல்லா இடத்திலும் எடுத்துக்கொள்ளாது. ரேஸ் கேமில் நேரத்தைப் பதிவு செய்பவர்களும் இன்புட் பதிவுகளைத் திரும்ப ஓட்டிப் பார்ப்பவர்களும் இதைக் கவனிப்பார்கள், மற்றவர்களுக்குத் தெரியாது. மூன்றாவது, அமெச்சூர்கள் எழுதும் ஹோம்ப்ரூ. எமுலேட்டரில் ஓடியது நிஜக் கருவியிலும் அப்படியே ஓடுமா என்று சோதிக்க ஒரிஜினல்தான் நல்லது.

எம்ஜிபிஏயில் டூல்ஸ், செட்டிங்ஸ், பயாஸ் என்று போனால் ஃபைலைக் காட்டும் இடம் வரும். பக்கத்திலேயே பயாஸ் இன்ட்ரோவைத் தவிர்க்கும் கட்டமும் உண்டு. ஒரிஜினல் பயாஸின் கணக்கு வேண்டும், தினமும் அனிமேஷனைப் பார்க்க வேண்டாம் என்பவர்கள் இரண்டையும் சேர்த்து டிக் செய்யலாம்.

கேள்வி: ரெட்ரோஆர்ச்சில் பயாஸ் ஃபைலைப் போட்டுவிட்டேன். ஆனாலும் "மிஸ்ஸிங்" என்றே காட்டுகிறது. மூன்று முறை அழித்துப் போட்டும் அதே கதை.

பதில்: ஃபைலை அழித்து அழித்துப் போடுவதை நிறுத்துங்கள். கோளாறு அனேகமாக ஃபைலில் இல்லை, பெயரிலோ இடத்திலோ இருக்கிறது.

ரெட்ரோஆர்ச் பல எமுலேட்டர்களை ஒரே கூரையில் வைத்திருக்கும் புரோகிராம், அவை ஒவ்வொன்றுக்கும் கோர் என்று பெயர். முதலில் அது எங்கே தேடுகிறது என்று அதையே கேளுங்கள். செட்டிங்ஸ், டைரக்டரி என்று போனால் சிஸ்டம் அல்லது பயாஸ் என்ற வரியில் முழுப் பாதையும் இருக்கும். ஆண்ட்ராய்டில் பெரும்பாலும் உள் சேமிப்பகத்தின் ரெட்ரோஆர்ச் ஃபோல்டருக்குள் 'சிஸ்டம்' என்ற ஃபோல்டர். கேம் இருக்கும் ஃபோல்டரிலேயே பயாஸையும் போட்டுவிட்டுக் காத்திருப்பவர்கள் ஏராளம். அது வேறொரு செட்டிங்கை மாற்றினால்தான் வேலை செய்யும்.

அடுத்து, கோரை லோடு செய்துவிட்டு இன்ஃபர்மேஷன் மெனுவில் கோர் இன்ஃபர்மேஷனைத் திறந்து கீழே இறங்குங்கள். அந்த கோர் எதிர்பார்க்கும் ஃபைல் ஒவ்வொன்றின் பெயரும், அது கட்டாயமா விருப்பமா, இருக்கிறதா இல்லையா என்பதும் வரிசையாக வரும். அங்கே உள்ள பெயர்தான் வேதவாக்கு. கேம்பாய் அட்வான்ஸுக்கு 'ஜிபிஏ_பயாஸ்.பின்' என்று இருந்தால் ஒரு எழுத்தும் கூடக் குறையக் கூடாது. பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் நாட்டின் பெயர், வெர்ஷன் எண் ஒட்டிக்கொண்டிருந்தால் அதை வெட்டுங்கள்.

பெயர் சரியாகத்தான் இருக்கிறது என்று சத்தியம் செய்பவர்களுக்கு ஒரு சோதனை. விண்டோஸில் ஃபைல் எக்ஸ்ப்ளோரரின் வியூ மெனுவில் ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்களைக் காட்டச் சொல்லுங்கள். விண்டோஸ் வழக்கமாக எக்ஸ்டென்ஷனை மறைத்து வைக்கும். 'ஜிபிஏ_பயாஸ்' என்று மட்டும் திரையில் தெரிய, நீங்கள் கடைசியில் '.பின்' சேர்த்திருப்பீர்கள். உண்மையில் ஃபைலின் பெயர் 'ஜிபிஏ_பயாஸ்.பின்.பின்' ஆகியிருக்கும். இந்த இரட்டைப் பின்தான் இந்தப் பகுதிக்கு வரும் புகார்களின் நாயகன்.

லினக்ஸில் ஓடும் கையடக்கக் கருவிகளில் பெரிய எழுத்து, சிறிய எழுத்து வேறு வேறு. கம்ப்யூட்டரில் ஒழுங்காக இருந்த ஃபைல் கருவியில் காணாமல் போவதற்கு இதுவே காரணமாக இருக்கலாம். சில கருவிகளின் மெமரி கார்டில் இந்த ஃபோல்டர் 'பயாஸ்' என்றே பெரிய எழுத்தில் கார்டின் மேல்மட்டத்தில் இருக்கும், அதை மாற்ற வேண்டாம். ஜிப் ஃபைலாகவே போட்டிருந்தால் விரித்துப் போடுங்கள். ரோமை ஜிப்பிலிருந்தே படிக்கும் எமுலேட்டர்கூட பெரும்பாலும் பயாஸை அப்படிப் படிப்பதில்லை. சில கோர்கள் சிஸ்டம் ஃபோல்டருக்குள் இன்னொரு உள்ஃபோல்டரில் தேடும். கோர் இன்ஃபர்மேஷனில் பெயருக்கு முன்னால் சாய்கோடு இருந்தால் அதுதான் அர்த்தம்.

எல்லாம் முடிந்ததும் கேமை மூடி, கோரையும் மூடித் திறக்க வேண்டும். ஓடிக்கொண்டிருக்கும் கோர் பயாஸைத் திரும்பத் தேடாது.

கேள்வி: என்னிடம் உள்ள ஃபைல் சரியானதா, பாதியில் அறுந்ததா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

பதில்: முதல் சோதனை பைட் கணக்கு. ஃபைலின் ப்ராபர்ட்டீஸைத் திறந்து, டிஸ்க்கில் எடுத்துக்கொள்ளும் இடத்தை விட்டுவிட்டு, ஃபைலின் உண்மையான அளவைப் பாருங்கள். கேம்பாய் 256. கேம்பாய் அட்வான்ஸ் 16,384. டிஎஸ்ஸின் ஏஆர்எம்7 பயாஸ் 16,384, ஏஆர்எம்9 பயாஸ் 4,096, ஃபர்ம்வேர் 2,62,144. அட்டாரி லிங்க்ஸ் 512. கேம் கியர் 1,024. பிளேஸ்டேஷன் 5,24,288. எல்லாமே இரண்டை இரண்டால் பெருக்கிக்கொண்டே போனால் வரும் எண்கள். கேம்பாய் கலர் மட்டும் 2,304 என்று விலகி நிற்கும்.

இதில் ஒரு பைட் கூடினாலும் குறைந்தாலும் ஃபைலை நம்ப வேண்டாம். நோட்பேடில் திறந்து பாருங்கள். கண்டபடி குறியீடுகள் வந்தால் பரவாயில்லை. தெளிவான ஆங்கில வாக்கியங்களோ கோண அடைப்புக்குறிகளோ தெரிந்தால், உங்களிடம் இருப்பது பயாஸ் இல்லை, ஏதோ இணையப் பக்கத்தை அந்தப் பெயரில் சேமித்திருக்கிறீர்கள். பார்த்துவிட்டுச் சேமிக்காமல் மூடுங்கள். நோட்பேடில் சேமித்தால் நல்ல ஃபைலும் கெட்டுவிடும்.

இரண்டாவது சோதனை சிஆர்சி, அதாவது ஃபைலின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் சரிபார்ப்பு எண். 7-ஜிப் நிறுவியிருந்தால் ஃபைலின் மேல் ரைட் கிளிக் செய்து சிஆர்சி-32 கேளுங்கள். கேம்பாய் அட்வான்ஸ் பயாஸுக்கு வர வேண்டியது 81977335. எட்டும் எண்களாகவே அமைந்துவிட்டதால் நினைவில் வைப்பதும் எளிது.

இந்த எண் வராமல், அளவு மட்டும் சரியாக இருந்தால் பதற வேண்டாம். அது டிஎஸ் கருவியிலிருந்து எடுத்த கேம்பாய் அட்வான்ஸ் பயாஸாக இருக்கலாம். டிஎஸ்ஸும் பழைய கேட்ரிட்ஜை ஓட்டும், அதற்காக இதே பயாஸைத் தன்னுள் வைத்திருக்கிறது. 16,384 பைட்டில் இரண்டுக்கும் ஒரே ஒரு பைட்தான் வித்தியாசம்: கேம்பாய் அட்வான்ஸில் 0, டிஎஸ்ஸில் 1. கேம்கள் இரண்டிலும் ஓடும். எமுலேட்டர் மட்டும் ஒரு எச்சரிக்கை காட்டலாம்.

கேள்வி: மெலன்டிஎஸ்ஸில் மூன்று ஃபைலும் போட்டேன். கேம் ஓடுகிறது. ஆனால் திரையில் தொடும் இடம் ஒன்று, கேமில் பதியும் இடம் வேறொன்று. மொழியும் வேறு ஏதோ வருகிறது. பயாஸ் கெட்டுவிட்டதா?

பதில்: பயாஸ் மேல் பழி போடாதீர்கள். நீங்கள் சொல்லும் இரண்டுமே ஃபர்ம்வேரின் வேலை.

பயாஸ் சிப்பில் பொறிக்கப்பட்டது, மாறாது. ஃபர்ம்வேர் ஃபிளாஷ் மெமரியில் இருப்பது, எழுதவும் படிக்கவும் முடியும். டிஎஸ்ஸை முதல்முறை ஆன் செய்யும்போது பெயர், பிறந்த நாள், மொழி, விருப்ப நிறம், தொடுதிரையின் அளவுத் திருத்தம் ஆகியவற்றைக் கேட்குமே, அத்தனையும் அதில்தான் போய் உட்காருகிறது. வைஃபை விவரமும், கருவியின் தனி மேக் முகவரியும்கூட அங்கேதான். பல மொழிகளைச் சேர்த்து வந்த கேம்கள் எந்த மொழியில் பேச வேண்டும் என்று ஃபர்ம்வேரைத்தான் கேட்கும். யாரோ ஒருவர் பிரெஞ்சில் வைத்திருந்த ஃபைல் என்றால் கேம் பிரெஞ்சில்தான் பேசும். அளவுத் திருத்தம் செய்யாத, அல்லது அந்தப் பகுதி அழிந்துபோன ஃபர்ம்வேர் என்றால் விரல் ஓரிடம், புள்ளி ஓரிடம் என்று ஆகிவிடும்.

சரிசெய்ய, கேமை நேரடியாகத் தொடங்கும் செட்டிங்கை அணைத்துவிட்டு, கேம் இல்லாமல் ஃபர்ம்வேரை மட்டும் பூட் செய்யுங்கள். டிஎஸ்ஸின் மெனு வரும். அதன் செட்டிங்கில் அளவுத் திருத்தத்தை ஒருமுறை செய்து, மொழியை மாற்றிச் சேமியுங்கள். அதற்கு முன் ஃபர்ம்வேர் ஃபைலுக்கு ஒரு நகல் எடுத்துவையுங்கள், எமுலேட்டர் அந்த ஃபைலிலேயே எழுதும். ஃபைல் படிக்க மட்டும் என்ற நிலையில் இருந்தால் மாற்றங்கள் தங்காது, மறுநாள் பழையபடியே இருக்கும்.

மெனுவே வரவில்லையா? ஃபர்ம்வேர் டிஎஸ்ஐ அல்லது 3டிஎஸ் கருவியிலிருந்து எடுத்ததாக இருக்கும். அவற்றில் இருக்கும் டிஎஸ் ஃபர்ம்வேரில் பயனர் விவரங்கள் உண்டு, பூட் ஆகும் மெனு கிடையாது. அப்படியானால் நேரடித் தொடக்கத்தைத் திரும்ப ஆன் செய்துகொள்ளுங்கள், கேம்கள் ஓடும். அளவு 2,62,144-க்குப் பதில் 1,31,072 என்றிருந்தாலும் இதே கதைதான்.

இன்னொன்று. கருவியிலிருந்து நகல் எடுத்த உங்கள் ஃபர்ம்வேர் ஃபைலை (இதை டம்ப் என்பார்கள்) யாருக்கும் அனுப்பாதீர்கள். அதில் உங்கள் வைஃபை பெயரும் சாவியும் இருக்கலாம்.

கேள்வி: டிஎஸ்ஐ மோடுக்கு இன்னும் நான்கு ஃபைல் கேட்கிறது. அவசியமா?

பதில்: டிஎஸ்ஐக்கென்றே வந்த கேம்களும், ஆன்லைனில் வாங்கி கருவியில் நிறுவிய சின்ன கேம்களும் வேண்டுமானால் மட்டும். சாதாரண டிஎஸ் கேமுக்கு இந்த வம்பு வேண்டாம். பயாஸ் இரண்டும் தலா 64 கேபி, ஃபர்ம்வேர் 128 கேபி, அதோடு கருவியின் உள் சேமிப்பகமான நாண்ட் மெமரி முழுவதும், சுமார் 240 எம்பி. நாண்ட் ஃபைலின் வாலில் 64 பைட் சேர்ந்திருக்க வேண்டும். அந்தக் கருவியின் அடையாள எண்கள் அதில் இருக்கின்றன. நாண்டின் உள்ளடக்கம் அந்த எண்களை வைத்துப் பூட்டப்பட்டது, ஆகவே வால் இல்லாத நாண்டை எமுலேட்டரால் திறக்க முடியாது. ஒரு கருவியின் நாண்டையும் வேறொரு கருவியின் வாலையும் ஒட்டுப்போட்டாலும் நடக்காது.

கேள்வி: பிஎஸ்பி எமுலேட்டருக்கு பயாஸ் எங்கே கிடைக்கும்?

பதில்: எங்கேயும் தேட வேண்டாம். பிஎஸ்பி எமுலேட்டரான பிபிஎஸ்எஸ்பிபிக்கு பயாஸே கிடையாது. பிஎஸ்பியின் சிஸ்டம் வேலைகளை அது தானே செய்துகொள்கிறது. "பிஎஸ்பி பயாஸ்" என்ற பெயரில் யாராவது எதையாவது தந்தால் வாங்காதீர்கள்.

ரெட்ரோஆர்ச்சின் பிபிஎஸ்எஸ்பிபி கோரில் சேவ் செய்யும் பெட்டியில் எழுத்துகள் வராமல் வெறும் கட்டமாகத் தெரிந்தால், குறைவது பயாஸ் இல்லை, எமுலேட்டரின் சொந்தத் துணை ஃபைல்கள். மெயின் மெனுவில் ஆன்லைன் அப்டேட்டர், அதில் கோர் சிஸ்டம் ஃபைல்ஸ் டவுன்லோடர், பட்டியலில் பிபிஎஸ்எஸ்பிபி. இறக்கினால் தானாகவே சிஸ்டம் ஃபோல்டருக்குள் தன் பெயரிலேயே ஒரு ஃபோல்டரில் போய் அமரும்.

எழுத்து வருகிறது, ஆனால் வரி பெட்டியை விட்டு வெளியே வழிகிறது என்றால் அது ஃபான்ட் விவகாரம். எமுலேட்டரோடு வருபவை மாற்று ஃபான்ட்கள், ஒரிஜினலின் அகலம் அவற்றுக்கு எல்லா எழுத்திலும் இருக்காது. சொந்தமாக பிஎஸ்பி இருந்தால் அதன் ஃபிளாஷ்0 பகுதியின் ஃபான்ட் ஃபோல்டரிலிருந்து பிஜிஎஃப் ஃபைல்களை எடுத்து, எமுலேட்டரின் அசெட்ஸ் ஃபோல்டருக்குள் அதே பெயரில் உள்ள இடத்தில் போடலாம்.

கேள்வி: பிஎஸ் வீட்டா எமுலேட்டரும் அப்படித்தானா?

பதில்: இல்லை, இது நேர் எதிர். வீட்டா எமுலேட்டரான வீட்டா3கே முதல்முறை திறக்கும்போதே ஃபர்ம்வேர் கேட்கும். நல்ல செய்தி, அந்த ஃபர்ம்வேர் சோனி தானே அப்டேட்டுக்காக வெளியிட்ட ஃபைல்தான். கடைசியாக வந்தது 2022-இல் 3.74. பியுபி என்ற எக்ஸ்டென்ஷனோடு இருக்கும். விரிக்கவோ பெயர் மாற்றவோ வேண்டாம். எமுலேட்டரின் ஃபைல் மெனுவில் ஃபர்ம்வேர் நிறுவும் கட்டளையில் அப்படியே கொடுத்தால் போதும். இரண்டாவதாக ஃபான்ட் பொதி ஒன்றும் தனியாக இருக்கிறது. அதைப் போட மறந்துவிட்டு எழுத்துகள் தெரியவில்லை என்று எமுலேட்டரைத் திட்டுபவர்கள் நிறையப் பேர்.

கேள்வி: 3டிஎஸ் கேம் "என்கிரிப்ட் ஆகியிருக்கிறது" என்று திறக்க மறுக்கிறது. சாவி ஃபைல் வேண்டுமா?

பதில்: முன்பு சிட்ரா எமுலேட்டரில் சாவிகளை ஒரு டெக்ஸ்ட் ஃபைலில் கொடுத்தால் திறக்கும். சிட்ரா 2024 மார்ச்சில் மூடப்பட்டது. அதன் வழியில் வந்த அஸஹார், பூட்டிய கேம்களை ஏற்பதே இல்லை. சொந்த கேட்ரிட்ஜை சொந்தக் கருவியில் டம்ப் செய்யும்போதே பூட்டை நீக்கி எடுக்க வேண்டும்.

சிஸ்டம் ஃபைல்களைப் பொறுத்தவரை, பெரும்பாலான கேம்களுக்கு ஒன்றும் வேண்டாம். கருவியின் ஹோம் மெனுவையே ஓட்ட ஆசைப்பட்டால் வேண்டும். அதற்கு அஸஹாரில் ஒரு நேர்த்தியான வழி இருக்கிறது. உங்கள் 3டிஎஸ்ஸில் ஆர்டிக் செட்டப் டூல் என்ற ஹோம்ப்ரூவை ஓட்டி, அது காட்டும் ஐபி முகவரியை எமுலேட்டரில் கொடுத்தால் தேவையானதை வைஃபை வழியாக அதுவே எடுத்துக்கொள்ளும். இரண்டும் ஒரே வைஃபையில் இருக்க வேண்டும்.

கேள்வி: கையடக்கக் கருவியில் பிளேஸ்டேஷன்-1 கேமும் ஓட்டுகிறேன். அதற்கு பயாஸ் பெயர்கள் தலைசுற்ற வைக்கின்றன.

பதில்: எண்களைக் கவனித்தால் சுற்றாது. 5500 ஜப்பான், 5501 அமெரிக்கா, 5502 ஐரோப்பா. முன்னால் எஸ்சிபிஹெச், பின்னால் '.பின்'. பீட்டில் கோர், டிஸ்க் எந்தப் பகுதிக்கானதோ அந்த எண்ணைத் தேடும். அமெரிக்க ஃபைலை மட்டும் வைத்துக்கொண்டு ஜப்பான் டிஸ்க்கைப் போட்டால் கருப்புத் திரைதான்.

திறன் குறைந்த கருவிகளில் இருக்கும் பிசிஎஸ்எக்ஸ் ரீஆர்ம்டு கோர் பயாஸ் இல்லாமலும் ஓடும். ஆனால் இங்கே ஒரிஜினலைப் போடுங்கள் என்றே சொல்வோம். கேம்பாய் அட்வான்ஸின் ஹெச்எல்இ அளவுக்கு இது தேறவில்லை. சில கேம்களில் மெமரி கார்டு சேவ் சண்டித்தனம் செய்யும். பிஎஸ்பி வைத்திருப்பவர்களுக்கு இன்னொரு வழி: அதன் 6.60 ஃபர்ம்வேருக்குள் பிளேஸ்டேஷன் பயாஸ் ஒன்று இருக்கிறது. அதற்குப் பகுதிக் கட்டுப்பாடு கிடையாது, ஒரே ஃபைல் மூன்று பகுதிக்கும் போதும்.

கேள்வி: லிங்க்ஸ், கேம் கியர், போக்கிமான் மினி இவற்றுக்கு?

பதில்: லிங்க்ஸுக்கு 'லிங்க்ஸ்பூட்.ஐஎம்ஜி', 512 பைட். கேட்ரிட்ஜின் தொடக்கப் பகுதி பூட்டப்பட்டிருக்கும், அதைத் திறப்பதுதான் அந்த 512 பைட்டின் வேலை. பீட்டில் கோர் இது இல்லாமல் நகராது. கேம் கியருக்குத் தேவையில்லை. போக்கிமான் மினிக்கு போக்கிமினி கோரில் இலவச மாற்று உள்ளேயே உண்டு.

கேள்வி: கேம்பாய்க்கு ஒரு ஹோம்ப்ரூ கேம் கிடைத்தது. பயாஸ் இல்லாமல் நன்றாக ஓடியது. பயாஸ் போட்டதும் சின்னத்தோடு நின்றுவிட்டது. எதைச் சந்தேகிப்பது?

பதில்: கேமைத்தான். முதல் பதிலில் சொன்ன 48 பைட் சின்னமோ கூட்டுத்தொகையோ அந்த ரோமில் தவறாக இருக்கிறது. நிஜக் கருவியிலும் அது அங்கேதான் நிற்கும். ஹேக் செய்தவர்கள் தலைப்பில் கேமின் பெயரை மாற்றிவிட்டு கூட்டுத்தொகையை மாற்ற மறந்துவிடுவது வழக்கம். ஆர்ஜிபிஃபிக்ஸ் என்ற சின்ன கருவி இரண்டையும் ஒரே கட்டளையில் சரிசெய்யும். விளையாடினால் போதும் என்றால் பயாஸை எடுத்துவிடுங்கள்.

கேம்பாய் கலர் பயாஸ் வைத்திருப்பவர்கள் ஒன்றைச் செய்து பார்க்கலாம். பழைய கருப்பு வெள்ளை கேமைத் தொடங்கி, சின்னம் தெரியும்போது ஒரு திசை பட்டனை மட்டுமோ, அதோடு ஏ அல்லது பி பட்டனைச் சேர்த்தோ அழுத்துங்கள். மொத்தம் 12 வண்ணத் தொகுப்புகள் உண்டு. ஒன்றும் அழுத்தாவிட்டால் கேமின் பெயரைப் பார்த்து பயாஸே ஒன்றைத் தேர்ந்தெடுக்கும். சேம்பாய் எமுலேட்டர் தானே எழுதிய திறமூல பூட் ரோமோடு வருவதால் அதற்கு எந்த ஃபைலும் வேண்டாம்.

கேள்வி: பயாஸ் ஃபைல் போட்ட பிறகு பழைய சேவ் ஸ்டேட்கள் திறக்கவில்லை. 40 மணி நேர ஆட்டம் போயிற்றா?

பதில்: அனேகமாகப் போகவில்லை. சேவ் ஸ்டேட் என்பது அந்த நொடியில் பிராசசர் எந்த வரியில் நின்றதோ அதன் படம். அது பயாஸுக்குள் நின்றிருந்தால், பயாஸ் மாறியதும் அந்த வரியில் வேறு ஏதோ இருக்கும். எம்ஜிபிஏ அப்படிப்பட்ட ஸ்டேட்டைத் திறக்க மறுப்பது உங்கள் நன்மைக்கே. பயாஸ் ஃபைலை எடுத்துவிட்டுப் பழைய நிலைக்குத் திரும்புங்கள், ஸ்டேட்டைத் திறங்கள், கேமுக்குள் இருக்கும் சேவ் மெனுவில் ஒருமுறை சேமியுங்கள். பிறகு பயாஸைப் போட்டு, ஸ்டேட்டைத் தொடாமல் கேமை முதலிலிருந்து தொடங்கி, அந்த சேவைத் திறங்கள். பயாஸை மாற்றும் ஒவ்வொரு முறையும், எமுலேட்டர் வெர்ஷனை மாற்றும் முன்பும் இதே வரிசைதான்.

கேள்வி: சொந்தக் கருவியிலிருந்து பயாஸை எடுப்பது எப்படி? மெமரியைக் காப்பி செய்தால் போதாதா?

பதில்: போதாது. கேம்பாய் அட்வான்ஸ் பயாஸ் தன்னைத் தானே காவல் காக்கிறது. பயாஸுக்குள் ஓடும் கட்டளை மட்டுமே பயாஸைப் படிக்க முடியும். வெளியிலிருந்து படித்தால், கடைசியாக பயாஸில் எடுக்கப்பட்ட கட்டளையின் மதிப்பே திரும்பத் திரும்ப வரும். 16,384 பைட்டும் ஒரே நான்கு பைட்டின் எதிரொலியாக ஒரு ஃபைல் உங்களிடம் இருந்தால், யாரோ இப்படி நேராகக் காப்பி செய்து ஏமாந்திருக்கிறார்கள். டம்ப் புரோகிராம்கள் சுற்றி வருகின்றன. மிடி ஸ்வரத்தை அதிர்வெண்ணாக மாற்றும் பயாஸ் அழைப்பு ஒன்று, கொடுத்த முகவரியைச் சரியாகச் சோதிக்காமல் படித்துவிடும். அதன் விடையிலிருந்து ஒவ்வொரு பைட்டாகக் கறக்கிறார்கள். நாமே ஃபைல் ஏற்றக்கூடிய ஃபிளாஷ் கேட்ரிட்ஜில் அந்த புரோகிராமை ஏற்றி ஓட்டினால், பயாஸ் கேட்ரிட்ஜின் சேவ் பகுதியில் எழுதப்படும். அந்த சேவ் ஃபைலின் முதல் 16,384 பைட்டை வெட்டி எடுத்து, சிஆர்சி பாருங்கள்.

டிஎஸ்ஸில் வேலை சுலபம். மேல் துளையில் போடும் ஃபிளாஷ் கேட்ரிட்ஜ், ஃபேட்32-இல் ஃபார்மட் செய்த மைக்ரோ எஸ்டி, டிஎஸ்பிஎஃப் டம்ப்பர் என்ற ஹோம்ப்ரூ. ஓட்டி முடித்தால் மூன்று ஃபைலும் கார்டில் இருக்கும். ஏஆர்எம்7 பயாஸிலும் முதல் 4,612 பைட்டுக்கு இதே மாதிரி காவல் உண்டு. பூட்டிய ரோமைத் திறக்கும் சாவி அட்டவணை அதற்குள்தான் இருக்கிறது. அந்தப் பகுதி சரியாக வராத டம்பில் பல கேம்கள் ஓடும், பூட்டு நீக்காத ரோம் மட்டும் வெள்ளைத் திரையோடு நிற்கும். எடுத்து முடித்ததும் பேட்டரி தீருமுன் இன்னொரு முறை எடுத்து, இரண்டு ஃபைலின் சிஆர்சியும் ஒன்றா என்று பாருங்கள்.

கேள்வி: கருவி என்னிடம் இருக்கிறது. டவுன்லோடு செய்தால் என்ன தவறு? நல்ல தளம் ஒன்றைச் சொல்லக் கூடாதா?

பதில்: தளம் சொல்ல மாட்டோம். பயாஸ், அதை எழுதிய நிறுவனத்தின் பதிப்புரிமைக்கு உட்பட்ட புரோகிராம். கருவியை வாங்கியதால் அதை மற்றவர் பரப்புவது சட்டபூர்வமாகிவிடாது. சொந்தக் கருவியிலிருந்து சொந்த உபயோகத்துக்கு எடுப்பதைச் சட்டம் எந்த அளவுக்கு அனுமதிக்கிறது என்பது நாட்டுக்கு நாடு மாறும்.

எமுலேட்டரே சட்டவிரோதம் என்று சிலர் எழுதியிருக்கிறார்கள். அதுவும் சரியில்லை. சோனி, கனெக்டிக்ஸ் நிறுவனத்தின் மேல் தொடுத்த வழக்கில் 2000-இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம், பிளேஸ்டேஷன் பயாஸ் எப்படி வேலை செய்கிறது என்று ஆராய்வதற்காக நகல் எடுத்தது நியாயமான பயன்பாடுதான் என்று தீர்ப்பளித்தது. கனெக்டிக்ஸ் விற்ற எமுலேட்டரில் சோனியின் பயாஸ் இல்லை, தாங்களே எழுதிய மாற்றுதான் இருந்தது. கேம்பாய் அட்வான்ஸ், டிஎஸ், பிஎஸ்பி எமுலேட்டர்கள் இன்று ஒரு ஃபைலும் கேட்காமல் ஓடுவதும் அந்த மாதிரி மாற்றை எழுதிவைத்தவர்களின் புண்ணியத்தில்தான். ஆகவே டவுன்லோடு தேடும் முன் எமுலேட்டரைப் புது வெர்ஷனுக்கு மாற்றிப் பாருங்கள்.